இருபத்து மூன்றாம் வீடு

1

ஆக்லாந்தைப் பற்றி எழுதித் தரும்படி ஊரிலிருந்து நண்பர் கேட்டு ஆறு மாதமாகிறது. "அழகான இடமாம், கடலாம், மலையாம், உதுகளை எழுதன்" என்று கடிதம் போட்டிருந்தார். கடல் இருக்கிறது. மலை என்று சொல்வதெல்லாம் அவிந்துபோன எரிமலைகள். நகரின் நடுவே வானளாவ ஒரு கோபுரம் கட்டி முடித்திருக்கிறார்கள். எந்தத் திசையில் நின்று பார்த்தாலும் தெரிகிறது. அழகுக்குக் குறைவில்லை. ஆனால் நான் காலை ஏழரை மணிக்குப் பார்ப்பது குழி. கழிவுநீர்க் குழாய் பதிக்கும் ஒப்பந்தக்காரர் ஒருவரிடம் வேலை. முழங்கால் வரை சப்பாத்து, மஞ்சள் மழைக்கோட்டு, கையில் அளவுகோல். அதனால் இந்தக் குறிப்பும் குழிக்குள்ளிருந்துதான் வரும். அழகு பார்க்க ஆசைப்பட்ட நண்பர் மன்னிக்க வேண்டும்.

யாழ்ப்பாணத்தில் நான் நில அளவையாளன். பன்னிரண்டு வருடம் மக்களுடைய காணிகளுக்கு எல்லை போட்டவன். இங்கே வந்ததும் தகுதியைப் பதிவு செய்யும் அலுவலகத்துக்குப் போனேன். சான்றிதழைப் பார்த்தார்கள். நல்லது, பாடத்திட்டத்தின் மூலப்பிரதி வேண்டும் என்றார்கள். பாடத்திட்டம் இருந்த கட்டடம் ஷெல் விழுந்து எரிந்துவிட்டது என்றேன். எரிந்துவிட்டது என்று உறுதிப்படுத்தும் கடிதம் வேண்டும் என்றார்கள். எரித்தவர்களிடமே கேட்டு வாங்கி வரவா என்று கேட்க வாயெடுத்தேன். அடக்கிக்கொண்டேன்.

நான் பெட்டிக்குள் வைத்துக் கொண்டுவந்த களப்புத்தகங்களை விரித்துக் காட்டினேன். ஒவ்வொரு காணிக்கும் அடிக்கணக்கில் அளவுகள், எல்லாம் என் கையெழுத்தில். அந்தப் பெண் அதிகாரி புரட்டிப் பார்த்து, எவ்வளவு அழகான எழுத்து என்று மெச்சினாள். பிறகு, உள்ளூர் அனுபவம் உண்டா என்று கேட்டாள். உண்டு, பன்னிரண்டு வருடமும் எங்களூரில்தான் என்றேன். அவள் சிரிக்கவில்லை. எனக்கு வேலையும் கிடைக்கவில்லை. களப்புத்தகங்கள் திரும்பப் பெட்டிக்குள் போயின.

2

ஜூலை மாதம், நல்ல குளிர். நகரின் தென்பகுதியான ஒடாஹுஹுவில் பெருந்தெருவுக்குச் சற்று உள்ளே தோண்டிக்கொண்டிருந்தோம். எங்கள் மேஸ்திரி ஹேமி, இந்த நாட்டின் பூர்வகுடியான மவோரி இனத்தவர், ஐம்பது வயது, என்னிலும் இரண்டு மடங்கு உடம்பு. இயந்திரத்தின் வாளி ஒருமுறை மண்ணை அள்ளி மேலே எழும்பியதும் ஹேமி கையை உயர்த்தினார். எல்லாம் நின்றது.

குழியின் சுவரில் எலும்பு. முதலில் கை எலும்பு. பிறகு, மழை மண்ணைக் கரைக்கக் கரைக்க, ஒரு மண்டையோடு. பக்கவாட்டில் பெருவிரல் நுழையும் அளவுக்கு ஓர் ஓட்டை.

நான் என்ன செய்தேன் தெரியுமா? குழிக்குள் குதித்தேன். அளவு நாடாவை இழுத்து, எலும்புக்கும் குழியின் விளிம்புக்கும் இடையே பிடித்து, சட்டைப்பையிலிருந்த சிறு புத்தகத்தில் தூரத்தை எழுதினேன். யாரும் சொல்லவில்லை. கண்டதை அளப்பது கைக்குப் பழகிப்போன விஷயம். வேறு எவனும் இந்தப் பைத்தியக்காரத்தனத்தைச் செய்திருக்க மாட்டான்.

"நாடாவை எடு. வெளியே வா" என்றார் ஹேமி. கத்தவில்லை. ஆனால் இயந்திரம் ஓட்டுபவன் தொப்பியைக் கழற்றிவிட்டான். நான் ஏறி வந்ததும் என் கையிலிருந்த புத்தகத்தை வாங்கி, அந்தத் தாளைக் கிழித்து மடித்துத் தன் பையில் வைத்துக்கொண்டார்.

பொலிஸ் வந்தது. பிறகு தொல்பொருள்காரர் ஒருவர் வந்து, பழையது என்றார். யாருடையது என்று அவர் சொல்லவில்லை. பிற்பகலில் ஹேமியின் இனத்துப் பெரியவர்கள் மூன்று பேர் வந்தார்கள். மழைக்குள் நின்று நீண்ட நேரம் பிரார்த்தனை சொன்னார்கள். அது முடிந்த பிறகு எங்கள் எல்லாரையும் குழாயடிக்கு அழைத்துக் கைகழுவச் சொன்னார்கள். செத்த வீட்டுக்குப் போய் வந்தால் நாம் செய்வதைப் போலத்தான். நான் இரண்டு தரம் கழுவினேன்.

3

மறுநாள் மத்தியானம் வான் வண்டிக்குள் இருந்து சாப்பிடும்போது மன்னிப்புக் கேட்டேன். ஹேமி கடித்திருந்த பாண் துண்டை மென்று விழுங்கினார். பிறகு சொன்னார். அதை என் தமிழில் தருகிறேன்.

"எங்கட ஆக்களை முதல்ல ஒருத்தன் வந்து அளந்தான். எத்தனை வீடு, எத்தனை பேர், எத்தனை மாடு எண்டு எழுதினான். நல்ல மனிசன், தேத்தண்ணி குடுத்தம். துவக்கும் பீரங்கியும் அவனுக்குப் பின்னாலதான் வந்தது."

மிச்சத்தையும் அவரே சொன்னார். இந்த ஆக்லாந்து ஒரு காலத்தில் சேறும் கூடாரமுமாக இருந்த எல்லைப்புற ஊர். தெற்கே ஒடாஹுஹுவோடு ஊர் முடிந்தது. சுற்றியிருந்த மவோரிகள் வள்ளங்களில் கோதுமையும் உருளைக்கிழங்கும் பீச் பழமும் கொண்டுவந்து விற்றுத்தான் அந்த ஊர் பசியாறியது. இருபது வருடத்துக்கு மேல் அப்படி. பிறகு 1863இல் ஆளுநரின் அறிவித்தல் வந்தது. மகாராணிக்கு விசுவாசமாகச் சத்தியம் செய், ஆயுதத்தைக் கொடு. இல்லையென்றால் தெற்கே ஆற்றுக்கு அப்பால் போ. தெற்கே இருந்த தன் சொந்தக்காரருக்கு எதிராகச் சத்தியம் செய்ய எவனுக்கு மனம் வரும்? சட்டி பானையைத் தூக்கிக்கொண்டு பிள்ளை குட்டிகளோடு நடந்தார்கள். நடக்க முடியாத நோயாளிகள் பின்தங்கிப்போனார்கள்.

அவர்கள் போன பிறகு வண்டிகள் வந்தன. ஒடாஹுஹுவில் பாளையம் போட்டிருந்த சிப்பாய்கள் மட்டுமல்ல, பக்கத்து வெள்ளைக்காரக் குடியானவர்களும் வந்தார்கள். நேற்றுவரை அதே மவோரிகளிடம் கிழங்கு வாங்கியவர்கள். கதவு, ஜன்னல், பன்றி, குதிரை, ஒன்றையும் விடவில்லை. கரையில் கிடந்த வள்ளங்களை இழுத்துப் போட்டு உடைத்தார்கள், எரித்தார்கள். தெற்கே படையும் பீரங்கியும் போக முன்பே ஒரு தெரு வெட்டி வைத்திருந்தார்கள். அதுதான் நான் தினமும் பஸ்ஸில் வரும் பெருந்தெரு. இன்று அதன் இருபக்கமும் பழைய கார் விற்கிறார்கள், கோழி பொரிக்கிறார்கள்.

"அந்த எலும்பு உங்கட ஆக்களோ?" என்று கேட்டேன்.

"தெரியாது. எழுதி வைச்சவன் எங்கட பேரை எழுதி வைக்கேல்லை" என்றார்.

நான் அதற்கு மேல் சாப்பிடவில்லை. காரணத்தை அவரிடம் சொல்லவில்லை. உங்களுக்குச் சொல்கிறேன். முந்தின வாரம் எனக்குப் புத்தளம் அகதி முகாமிலிருந்து ஒரு கடிதம் வந்திருந்தது.

4

கடிதம் எழுதியவர் ஜபார் நானா. யாழ்ப்பாணத்தில் முஸ்லிம்கள் வாழ்ந்த சோனகத் தெருவில் இரும்புக்கடை வைத்திருந்தவர். எங்கள் வீடு அதற்கு ஒரு தெரு தள்ளி. என் கல்யாணத்துக்குப் பந்தல் போடக் குழாய்கள் தந்தவர். அவருடைய காணியைத் தங்கைக்குச் சீதனம் பிரிக்கும்போது அளந்து கொடுத்தவன் நான்.

"தம்பி, இஞ்ச ஏழு வருசமாக் கிடுகுக் கொட்டிலுக்குள்ள கிடக்கிறம். யாழ்ப்பாணத்தில வீடு வளவு இருந்ததெண்டதுக்கு அத்தாட்சி கேக்கிறாங்க. காணி உறுதிப் பத்திரமெல்லாம் அண்டைக்குச் சோதனையில பறிச்சிட்டாங்க. என்ர காணியின்ர அளவு உங்கட பொத்தகத்தில இருக்கும். எங்கட தெரு ஆக்கள் ஒருத்தரிட்டயும் ஒண்டுமில்லை. கடைசியா நிவாரணத்துக்கெண்டு தெரு முழுக்க அளந்து படம் கீறினீங்களே, அது இருந்தா எல்லாருக்கும் உதவும்."

இருந்தது. அதுதான் பிரச்சினை. கொடுத்த எதற்கும் ஒரு பிரதி வைத்துக்கொள்வது எங்கள் தொழிலில் பழக்கம். டிரேசிங் தாளில், என் கையால் கீறிய படம். ஒழுங்கைகள், கிணறுகள், பள்ளிவாசல், நாற்பத்தொரு வீடுகள். ஒவ்வொன்றுக்கும் ஓர் எண். ஓரத்தில் எண் வரிசையில் வீட்டுத் தலைவரின் பெயர், தொழில், ஆட்தொகை. இருபத்து மூன்றாம் வீட்டுக்கு மட்டும் "ஆளில்லை". கீழ் மூலையில் அளவையாளன் கையொப்பம் வைக்கும் இடம் வெறுமையாக இருந்தது. என் வாழ்க்கையில் நான் கையொப்பம் வைக்காத ஒரே படம் அதுதான்.

5

தொண்ணூறாம் ஆண்டு. ஒக்டோபர் மாதம். கோட்டைச் சண்டை முடிந்தும் போர் ஓயவில்லை. ராணுவம் ஹெலியிலிருந்து சுட்டது, பொம்மர் வந்து குண்டு போட்டது, சனம் பதுங்குகுழிக்குள் கிடந்தது. அப்போது ஊரைத் தன் பிடியில் வைத்திருந்த இயக்கத்திலிருந்து இரண்டு பேர் சைக்கிளில் வந்தார்கள். சோனகத் தெருவுக்கு ஒரு படம் வேண்டும், வீடு வீடாக என்றார்கள். என்னத்துக்கு என்று கேட்டேன். நிவாரணம் குடுக்க என்றார்கள். அப்படியென்றால் எங்கள் தெருவுக்கு ஏன் படம் வேண்டாம்? இந்தக் கேள்வி எனக்கு அப்போதே வந்தது. கேட்கவில்லை. பயம் ஒரு பக்கம். வேலையில்லாமல் மாதக்கணக்காக இருந்தவனுக்கு நாடாவைக் கையில் எடுக்கக் கிடைத்த சந்தோஷம் இன்னொரு பக்கம். இரண்டும் உண்மை.

நிவாரணம் என்றதும் ஜபார் நானா உற்சாகமாகிவிட்டார். நாடாவின் மறுமுனையை அவரே பிடித்தார். வெயிலுக்குள் ஒழுங்கை ஒழுங்கையாக என்னோடு நடந்தார். அவருடைய வீட்டில் பால் விடாத பிளேன்ரீ குடித்தேன். மத்தியான லுஹர் தொழுகைக்கு அவர் பள்ளிக்குப் போனதும் மிச்ச வீடுகளை நான் தனியாக ஓடி ஓடி முடித்தேன்.

பத்துப் பன்னிரண்டு நாள் கழித்து ஒரு காலையில் ஒலிபெருக்கி கட்டிய வாகனம் தெருவால் போனது. முஸ்லிம்கள் எல்லோரும் மைதானத்துக்கு வர வேண்டும். மைதானத்தில், ஊரை விட்டு வெளியேற இரண்டு மணித்தியாலம் கொடுத்தார்கள். துவக்கோடு நின்றவர்கள் ஒரு தாளைப் பார்த்துப் பார்த்து வீடு வீடாகப் போய்க் கதவை உதைத்தார்கள். அந்தத் தெருவின் முனையும் சந்தியும் தெரியும் எங்கள் வாசல் படலைக்குப் பின்னால் நின்று பார்த்தேன். சந்தியில் சோதனை. நகை, உறுதி, பாங்க் புத்தகம் எல்லாம் ஒரு மேசையில் குவிந்தன. ஒரு சின்னப் பிள்ளையின் தோடு கழறவில்லை. இழுத்தார்கள். காது கிழிந்து இரத்தம் வெள்ளைச் சட்டையில் ஓடியது. தாய் அழவில்லை, பிள்ளையின் வாயைப் பொத்தினாள்.

நான் படலையைத் திறக்கவில்லை.

பிறகு அந்த வீடுகளின் கதவுகள் கழன்றன, ஓடுகள் இறங்கின. எங்கள் தெருவிலேயே ஒரு வீட்டுக்குப் புதுக் கதவு வந்தது. நான் ஒன்றும் எடுக்கவில்லை, ஒன்றும் வாங்கவில்லை என்று எனக்குள் கனகாலம் ஒரு பெருமை இருந்தது. அந்தப் பெருமையை நினைத்தால் இப்போது வெட்கமாக இருக்கிறது. ஐந்து வருடம் கழித்து அதே ஒக்டோபரில் நம்முடைய சனமே மழைக்குள் மூட்டையோடு யாழ்ப்பாணத்தை விட்டு நடந்தது. இங்கே தொலைக்காட்சியில் பார்த்து மனைவி அழுதாள். நான் அந்தக் கூட்டத்தில் வேறு ஒரு கூட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

6

மனைவி றெஜினாவிடம் கடிதத்தையும் படத்தையும் காட்டினேன். அவள் சோற்றுப் பானையை இறக்கி வைத்துவிட்டு வந்து நின்றபடியே பார்த்தாள்.

"உதை இன்னும் வைச்சிருக்கிறியளோ? எரிச்சுப்போட்டு உங்கட பாட்டில இருங்கோ."

"நானா கேக்கிறார்."

"அவருக்குத் தெரியாது, அதால கேக்கிறார். என்ர அண்ணா குடும்பம் வன்னியில இயக்கத்தின்ர கைக்குள்ள இருக்குது. உது ஆரின்ரயும் கையில போனால் அவையளை ஆர் பாக்கிறது? அவற்ற காணி அளவை மட்டும் எழுதி அனுப்புங்கோவன்."

"மற்ற நாப்பது வீடு?"

"நீங்கள் கீறாட்டிலும் அவங்கள் கலைச்சிருப்பாங்கள். ஓமோ இல்லையோ?"

ஓம். அதுதான் ஏழு வருடமாக நானும் எனக்குச் சொன்ன சமாதானம். அவள் வாயிலிருந்து கேட்டபோது அது சமாதானமாகத் தெரியவில்லை.

நாங்கள் கதைத்துக்கொண்டிருக்கும்போது மகள் நிரோஷி உள்ளே வந்தாள். வயது பதினான்கு. நாம் தமிழில் கேட்டால் அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். அவளுடைய சிரிப்புக்கூட இப்போது ஆங்கிலத்தில்தான் வருகிறது என்று றெஜினா குறைப்படுவாள். பள்ளிக்கூடத்தில் இந்த ஊரின் தொடக்க வரலாற்றை, மவோரிகளை விரட்டியது உட்பட, எழுதச் சொல்லியிருந்தார்கள். நூலகத்திலிருந்து பழைய ஒடாஹுஹு, பக்கத்து மாங்கெரே வரைபடம் ஒன்றைப் பிரதி எடுத்து வந்து மேசையில் விரித்தாள். நான் குனிந்து பார்த்தேன். நேர்கோடுகள், துண்டு துண்டாகக் காணிகள், ஒவ்வொன்றுக்கும் ஓர் எண். கை நடுங்காத, தொழில் தெரிந்த ஒருவன் கீறியது. அவன் எழுத்தில் ஒரு பிழை காண முடியாது. பக்கத்தில் என் டிரேசிங் தாள் கிடந்தது.

அவள் இரண்டையும் பார்த்தாள். வழக்கம்போல் ஆங்கிலத்தில் ஏதோ கேட்டாள். விளங்காதவன்போல் நின்றேன். அவள் விடவில்லை. தட்டித் தடவித் தமிழில் கேட்டாள்.

"அப்பா, பக்கத்து வீட்டு ஆக்கள் என்ன செய்தவை?"

அவள் கேட்டது ஒடாஹுஹுவைப் பற்றி. அது எனக்குத் தெரியும். ஆனாலும் நான் சோனகத் தெருவைச் சொன்னேன். சைக்கிளில் வந்தவர்கள், நாடா, பிளேன்ரீ, ஒலிபெருக்கி, தோடு, படலை. றெஜினா இரண்டு தரம் "காணும், பிள்ளைக்கு உதெல்லாம் என்னத்துக்கு" என்றாள். நான் நிறுத்தவில்லை.

நிரோஷி கேட்டு முடித்துவிட்டு, "என்னத்துக்கு எண்டு அவையிட்டக் கேட்டனீங்களோ?" என்றாள்.

"ஒருக்கால் கேட்டனான்."

"ரெண்டாந்தரம்?"

"கேக்கேல்லை."

அவள் தன் வரைபடத்தைச் சுருட்டிக்கொண்டு அறைக்குள் போய்விட்டாள். மூன்று நாள் என்னோடு ஒரு மொழியிலும் பேசவில்லை.

நான்காம் நாள் சனிக்கிழமை. படத்தைச் சமையலறை மேசையில் விரித்து, கீழ் மூலையில் என் முழுப்பெயரையும் பதவியையும் எழுதிக் கையொப்பம் வைத்தேன். அன்று அளந்த திகதியைப் போட்டேன். யார் கேட்டு அளந்தேன், யாரிடம் கொடுத்தேன் என்பதை ஒரு தாளில் எழுதி இணைத்தேன். நானாவுக்குத் தனியாக ஒரு பக்கம். மன்னிப்பு என்ற சொல்லை எழுதிப் பார்த்தேன், போதாது போலிருந்தது, ஆனாலும் வெட்டவில்லை. றெஜினா பக்கத்தில் நின்று பார்த்தாள். பிறகு அவளே போய்ப் பெரிய கடித உறை ஒன்றைத் தேடிக் கொண்டுவந்து தந்தாள். நிரோஷி முகவரியை எழுதினாள்.

7

பதில் வர ஏழு வாரம் எடுத்தது. அந்த ஏழு வாரமும் நான் தபால்பெட்டியைத் திறந்த விதத்தைப் பார்த்து நிரோஷி ஒருநாள், உள்ளே பாம்பா இருக்கிறது என்று கேட்டாள். கிட்டத்தட்ட அப்படித்தான்.

இதுதான் கடிதம். ஒரு சொல்லும் கூட்டவில்லை.

"தம்பி, படம் கிடைச்சது. முகாமில எல்லாரும் சுத்தி நிண்டு பாத்தாங்க. கிணறெல்லாம் இருந்த இடத்தில இருக்கு. நீங்க சொல்லித்தான் எனக்குத் தெரியவேணுமெண்டில்லை. அண்டைக்கு மைதானத்தில அவங்கட கையில உங்கட எழுத்தைக் கண்டனான். ஏழு வருசம் அதை நான் ஒருத்தருக்கும் சொல்லேல்லை. நீங்களாச் சொல்லுறீங்களோ எண்டு பாக்கத்தான் கடிதம் போட்டனான்.

படத்தில ஒரு பிழை இருக்கு. இருபத்து மூண்டாம் வீட்டில ஆளில்லை எண்டு எழுதியிருக்கிறீங்க. அதில தையல்கார ஹனீபா இருந்தவர். காது கேளாத மனிசன். நீங்க தட்டினது அவருக்குக் கேட்டிருக்காது. அவங்கட ஸ்பீக்கரும் கேட்டிருக்காது. உங்கட தாளைப் பாத்துத்தான் அவங்க வீடு வீடாப் போனாங்க, அந்த வீட்டுக்கு ஒருத்தனும் போகேல்லை. மற்றாள் கூட்டிக்கொண்டு வருவான் எண்டு எங்கள்ள ஒவ்வொருத்தரும் நினைச்சம். போற வழியில வவுனியாவில எண்ணிப் பாக்கேக்கதான் அவர் இல்லை. அதுக்குப் பிறகு அவரைக் கண்டவங்க இல்லை. கூட்டிக்கொண்டு வராதது எங்கட பிழை. ஆளில்லை எண்டு எழுதினது உங்கட பிழை.

இந்தப் படத்தைத்தான் இனிக் காட்டப்போறம். அதில ஆளில்லை எண்டு கிடந்தா அவரை ஒருத்தரும் தேடமாட்டாங்க. திருத்தி அனுப்புங்கோ."

வாசித்து முடித்ததும் கைகழுவ வேண்டும் போலிருந்தது. கழுவவில்லை. புதுத் தாளை எடுத்து முழுப் படத்தையும் திரும்பக் கீறத் தொடங்கினேன். நிரோஷி வந்து எதிரே உட்கார்ந்து தாளின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டாள். இருபத்து மூன்று வந்ததும் பேனை நின்றது. அந்த மத்தியானம் எனக்குத் தெளிவாக நினைவிருக்கிறது. நான் கதவை ஒரே ஒருமுறைதான் தட்டினேன். வெயில், பசி, இன்னும் பதினெட்டு வீடு மிச்சம். தட்டும்போது தையல் மெசின் ஓடிக்கொண்டிருந்தது. பக்கத்து வீட்டில் என்று நினைத்தேன்.

பக்கத்து வீட்டில் தையல்காரர் எவரும் இல்லை. அதையும் அந்தப் படத்தில் நானேதான் எழுதியிருக்கிறேன்.

"என்ன எழுதப்போறீங்கள்?" என்று நிரோஷி தமிழிலேயே கேட்டாள்.

ஹனீபா, தையல்காரர், ஒருவர் என்று எழுதினேன்.